இஸ்மத்தின் ரொட்டி

தாஷ்கண்டுக்குத் தென்கிழக்கே, ரிஷ்தான் ஊரில், சல்தனத்தைத் தெரியாத கல்யாண வீடு கிடையாது. மணப்பெண் முன்னால் வர, அவளைப் பார்த்தபடியே பின்பக்கமாக நடந்து நடந்து இருபத்தைந்து வருடமாக அந்த ஊர்க் கல்யாணங்களைப் படம் பிடித்தவள். ஒருமுறை அப்படி நடந்தே போய்ப் புலாவ் அண்டாவில் இடித்து, அரிசியோடு அரிசியாக உட்கார இருந்தாள். சமையற்காரர் அவள் மேலங்கியைப் பிடித்து இழுத்துக் காப்பாற்றினார். "ஏம்மா, புலாவுக்குக் கறி போதும்னுதானே இருந்தோம்" என்று அவர் சொன்னதும் அந்தக் கல்யாண வீடியோ நாடாவில் பதிவாகியிருக்கிறது. அவள் கணவர் ரஹ்மோன் கூடவே விளக்குப் பிடித்துக்கொண்டு வருவார். "எங்க வீட்டுல வெளிச்சம் மட்டும்தான் என் கையில, மத்ததெல்லாம் அவ கையில" என்பார்.

ஆனால் அவள் வீட்டுக் கண்ணாடி அலமாரியில், கல்யாணச் சீர்வரிசையில் வந்த பீங்கான் கிண்ணங்களைப் பின்னால் தள்ளிவிட்டு முன்வரிசையில் நிற்பவை கல்யாண நாடாக்கள் அல்ல. ஆப்கன் போருக்குப் போய்த் திரும்பியவர்கள் முப்பத்தோரு பேர் பேசியவை. முதலாமவர் தற்செயலாகக் கிடைத்தவர். ஒரு கல்யாணத்தில் பெண்ணின் சித்தப்பா, ஒரு கால் இல்லாதவர், ஆட்டம் பாட்டத்தை விட்டு விலகி முலாம்பழக் குவியலுக்குப் பக்கத்தில் தனியாக உட்கார்ந்திருந்தார். நாடாவில் இருபது நிமிடம் மிச்சம் இருந்தது. அவர் பக்கம் காமராவைத் திருப்பினாள். அந்தக் குடும்பம் இன்றைக்கும் அந்தக் கல்யாணத்தைப் போட்டுப் பார்த்தால், மாப்பிள்ளை வீட்டார் கைகுலுக்கி விடைபெற்றதும் திரை ஒரு கணம் கறுத்து, பிறகு சித்தப்பா பேசத் தொடங்குவார். யாரும் நிறுத்துவதில்லை.

அதற்கப்புறம் ஒவ்வொருவராகத் தேடிப் போனாள். அவளிடம் ஒரு வழக்கம் இருந்தது. போரைப் பற்றிக் கேட்கவே மாட்டாள். முதல் கேள்வி எப்போதும் ஒன்றுதான்:

"கிளம்பின அன்னிக்கு உங்களுக்கு ரொட்டி சுட்டது யாரு?"

அந்த ஊரில் பையன் பட்டாளத்துக்குப் போகும்போது தந்தூரிலிருந்து எடுத்த ரொட்டியில் ஒரு வாய் கடித்துவிட்டுப் போவான். கடித்த ரொட்டியைத் துணிப்பையில் போட்டு, பூச்சி வராமல் இருக்க நாலு காய்ந்த மிளகாயும் போட்டு, சுவரில் ஆணியில் மாட்டி வைப்பார்கள். அவன் திரும்பி வந்து மிச்சத்தைத் தின்று முடிக்க வேண்டும். முடித்தால்தான் வந்து சேர்ந்ததாகக் கணக்கு. அதுவரை பையைத் திறக்கக் கூடாது. அந்தக் கேள்வியைக் கேட்டதும் எப்படிப்பட்ட கல்நெஞ்சுக்காரனுக்கும் வாய் திறந்துவிடும். அம்மா, சின்னம்மா, வாசலில் நின்ற பக்கத்துவீட்டுக்காரி என்று தொடங்கி, எல்லையில் இருக்கும் தெர்மேஸ் பாலத்தைத் தாண்டி, அவர்களாகவே போருக்குள் போய்விடுவார்கள்.

சல்தனத்தின் அம்மா அதோலத் வீட்டுச் சுவரில் இன்னும் ஒரு பை தொங்கிக்கொண்டிருந்தது. ஜன்னலோரத்து ஆணி. சல்தனத்தின் அண்ணன் இஸ்மத் 1983 வசந்தத்தில் கடித்துவிட்டுப் போன ரொட்டி.

அன்றைக்கு இரண்டு ரொட்டிகள் கடிபட்டன. அதோலத்தின் தங்கை மகன் ஹம்ரோ, தாய் இறந்த பிறகு அந்த வீட்டிலேயே வளர்ந்தவன், இஸ்மத்தோடு ஒரே நாளில் ஒரே ரயிலில் போனான். ஒரே மாவு, ஒரே தந்தூர், ஒரே துணியில் தைத்த இரண்டு பைகள். இஸ்மத்துடையது ஜன்னலோரம், ஹம்ரோவுடையது கதவோரம். ஹம்ரோ 1985 மே மாதம் வந்தான். தெருவே கூடிநிற்க, அதோலத் கதவோரத்துப் பையை இறக்கி, கண்ணீர் மறைத்த கண்ணோடு ரொட்டியை எடுத்து அவன் வாயில் வைத்தாள். நாற்பது நாள் கழித்து இஸ்மத்தைப் பற்றி ஒரு காகிதம் வந்தது. காணாமற்போனார் என்று அதில் இருந்தது. இறந்தார் என்று இல்லை. அந்த ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு அதோலத் அத்தனை வருடமும் ஓட்டிவிட்டாள். பெருநாள் தோறும் ஜன்னலோரத்துப் பையை இறக்கி, கண்ணில் ஒற்றி, முத்தமிட்டு, திரும்ப மாட்டுவாள்.

சல்தனத் முப்பத்தோரு பேரைத் தேடிப் போனதும் அதற்காகத்தான். ஒவ்வொருவரிடமும் கடைசியில், போகிறபோக்கில் கேட்பதுபோல், "ரிஷ்தான்காரன் இஸ்மத்னு ஒருத்தன், முன்பல்லுல சந்து இருக்கும், பார்த்தீங்களா?" என்று கேட்பாள். யாரும் பார்த்திருக்கவில்லை. பேச வேண்டிய ஒருவன் மட்டும் பேச மறுத்தான். ஹம்ரோ.

வந்த வருடமே ஹம்ரோ கால்வாய் மதகுக் காவலனாக வேலைக்குச் சேர்ந்து, ஊர்க்கோடியில் மதகை ஒட்டிய ஒற்றை அறைக்குக் குடிபோனான். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. பெருநாளுக்கு வருவான், முற்றத்திலேயே நிற்பான், இரண்டு முலாம்பழத்தைக் கட்டில்மேல் வைப்பான், உள்ளே வராமல் போவான். 2003இல் ஒருமுறை, சல்தனத் கெஞ்சிக் கூத்தாடி, காமரா முன்னால் உட்கார வைத்துவிட்டாள். விளக்கு எரிந்தது. முதல் கேள்வி கேட்டாள். ஹம்ரோ எழுந்து தொப்பியைத் தலையில் வைத்தான்.

"என்னண்ணே?"

"மதகு திறந்து கிடக்கு."

"குளிர்காலத்துல என்ன மதகு?"

நடையைக் கட்டினான். ரஹ்மோன் விளக்கை அணைத்தபடி, "அவர் ஏதோ பார்த்திருக்கார். சொல்ல முடியாத ஒண்ணு" என்றார். ஊரும் அப்படித்தான் நினைத்தது. சல்தனத் அதற்குமேல் போனாள். அவன் இஸ்மத்தை எங்கேயோ விட்டுவிட்டு ஓடிவந்தவன் என்று மனசுக்குள் முடிவு கட்டி, பதினாறு வருடம் அவன் கொண்டுவந்த முலாம்பழத்தில் ஒரு துண்டு தின்னவில்லை. அலமாரியில் முப்பத்தோராவதுக்குப் பக்கத்தில் ஒரு நாடாவின் அகலத்துக்கு இடம் விட்டு வைத்திருந்தாள். அம்மாவுக்கு எண்பத்துநாலு வயது. அவள் கண் மூடுவதற்குள் அந்த இடம் நிரம்ப வேண்டும். சல்தனத்துக்கு வேறு ஆசை எதுவும் மிச்சமில்லை.

2019 இலையுதிர்காலத்தில் தாஷ்கண்டிலிருந்து ஃபெருசா என்ற பெண் வந்தாள். ஆவணப்படம் எடுப்பவள், முப்பது வயதிருக்கும். சல்தனத்தின் நாடாக்களைப் பற்றிக் கேள்விப்பட்டு வந்து, மூன்று நாள் உட்கார்ந்து அத்தனையும் பார்த்தாள். மூன்றாம் நாள் சொன்னாள்:

"அக்கா, இதையெல்லாம் சேர்த்து நான் படமா பண்றேன். படத்துக்குப் பேர் போடும்போது உங்க பேர்தான் முதல்ல."

"என் பேரை விடு. ஒவ்வொருத்தர் பேரும் ஊரும் சரியா வரணும். ஒரு நாடாவுல தப்பான பேர் எழுதினா அது பொய் சாட்சி."

"எழுதுறேன். ஆனா ஒண்ணு வேணும். அந்த ரொட்டி."

அம்மா சம்மதிக்க மாட்டாள் என்றுதான் சல்தனத் நினைத்தாள். அதோலத் ஃபெருசா பக்கம் திரும்பினாள்.

"எத்தனை பேர் பார்ப்பாங்க?"

"ஆயிரக்கணக்குல பார்ப்பாங்கம்மா."

"அந்தப் பக்கத்து ஜனங்களும்?"

"அவங்களும்."

"அப்ப எடு. பார்த்துட்டு எவனாவது சொல்லட்டும், இந்தப் பல்லுக்காரன் எங்க ஊர்ல ஆடு மேய்க்கிறான்னு."

பையை ஃபெருசா அவிழ்த்தாள். முப்பத்தாறு வருடத்துக்குப் பிறகு ரொட்டி வெளியே வந்தது, ஓடு மாதிரி காய்ந்து, நடுவில் அச்சால் குத்திய பூ அப்படியே இருக்க. அதோலத் தடவிப் பார்த்தாள். இரண்டு கண்ணிலும் புரை. ஃபெருசாவின் காமரா கல்யாணக் காமரா அல்ல. ஒரு கோதுமை மணியை முலாம்பழம் அளவுக்குக் காட்டும். காமராவை ரொட்டி கடிபட்ட இடத்துக்கு நேராக வைத்து, படம் தெரியும் சின்னத் திரையைச் சல்தனத் பக்கம் திருப்பினாள்.

சல்தனத் பார்த்தாள். பல் பதிந்த தடம் வரிசையாக, நெருக்கமாக இருந்தது. நடுவில் சந்து இல்லை. ஆனால் ஓரிடத்தில், மேல்வரிசை முன்பல் இருக்க வேண்டிய இடத்தில், ரொட்டி கொஞ்சம் கடிபடாமல் ஒரு சின்னக் கூம்பாக நின்றது. முனை உடைந்த பல் விட்டுவைத்த கூம்பு.

உப்பிட்டு வறுத்த ஆப்ரிகாட் கொட்டைகளைப் பல்லால் உடைத்துக் காட்டுகிறேன் என்று பந்தயம் கட்டி, பதினைந்து வயதில் முன்பல் முனையை உடைத்துக்கொண்டவன் ஹம்ரோ. இப்போது அங்கே தங்கப்பல் இருக்கிறது. ஊர் மறந்துவிட்டது. அவள் மறக்கவில்லை, பந்தயம் கட்டியதே அவள்தான்.

"நல்லா வந்திருக்குல்ல அக்கா?" என்றாள் ஃபெருசா.

"ம். நல்லா வந்திருக்கு."

முற்றத்துக்குப் போய்க் குழாயைத் திறந்து கைகழுவினாள். கையில் அழுக்கு எதுவும் இல்லை. 1984இல் மூத்த அக்காவின் கல்யாணத்துக்காக வீட்டுக்குச் சுண்ணாம்பு அடித்தார்கள். ஆணிகளில் இருந்ததையெல்லாம் இறக்கிப் போர்வைமேல் வைத்தார்கள். அடித்து முடித்ததும், "சல்தனத், எல்லாத்தையும் இருந்த எடத்துல மாட்டு" என்று அம்மா உள்ளேயிருந்து சொன்னாள். பதினேழு வயது. தெருவில் மேளக்காரர்கள் வந்துவிட்டார்கள். இரண்டு பையையும் ஒரே கையில் எடுத்து, வாசல் பக்கம் பார்த்துக்கொண்டே மாட்டினாள். எது ஜன்னல், எது கதவு என்று அவள் யோசித்ததாகவே ஞாபகம் இல்லை.

மறுநாள் காலையில் மதகுக்குப் போனாள். காமராப் பையைத் தோளில் மாட்டியிருந்தாள், பழக்கதோஷம். ஹம்ரோ கால்வாயில் மிதந்து வந்த சருகுகளை நீளக் கொக்கியால் இழுத்துப் போட்டுக்கொண்டிருந்தான்.

"வாங்க காமராக்காரம்மா. முலாம்பழம் கசந்துச்சா, திருப்பிக் குடுக்க வந்தியா?"

"அண்ணே, பையைத் திறந்துட்டோம்."

கொக்கி நின்றது. தண்ணீர் அதைக் கொஞ்சம் இழுத்துக்கொண்டு போனது. அவன் பிடித்துக் கரையில் வைத்தான்.

"பெரியம்மா பார்த்தாங்களா?"

"அவங்களுக்குத் தெரியாது. கண்ணுல புரை. நான் பார்த்தேன். கொட்டை உடைச்ச பல்லு."

மதகின் இரும்புச் சக்கரத்தின்மேல் உட்கார்ந்தான்.

"வாய்கிட்ட கொண்டு வந்தப்பவே தெரிஞ்சுது. சந்து. ரெண்டு பல்லுக்கு நடுவுல மெல்லிசா ஒரு வரம்பு நின்னுது. தெரு பூரா பார்த்துக்கிட்டு இருக்கு, பெரியம்மா அழுதுக்கிட்டே ஊட்டுறாங்க. இது இஸ்மத்துதுன்னு சொன்னா அது என்ன சகுனம்? அவங்க அங்கயே விழுந்திருப்பாங்க. தின்னேன். துளி விடாம தின்னேன். நாப்பதாம் நாள் காகிதம் வந்துது."

"அண்ணே…"

"அவன் திரும்பி வர்றதை நான் தின்னுட்டேன்னு நினைச்சேன். இப்பவும் அப்படித்தான். ஜன்னல்ல தொங்குற என் எச்சிலை அவங்க முத்தம் குடுக்குறதைப் பார்த்துக்கிட்டு அந்த வீட்டுக்குள்ள எப்படி உட்காருவேன்? சொல்லவும் முடியல. தப்பா எடுத்துக் குடுத்தது அவங்க கை. தெரிஞ்சா தாங்குவாங்களா?"

"அவங்க கை இல்ல. என் கை." சுண்ணாம்பு அடித்த கதையைச் சொன்னாள். மேளக்காரர்களையும் சேர்த்துச் சொன்னாள்.

ஹம்ரோ அவளையே பார்த்தான். பிறகு தங்கப்பல் தெரிய, சத்தமில்லாமல் சிரித்தான். கண்ணில் தண்ணீர் வந்தது. சிரிப்பாலா வேறெதனாலா என்று சொல்ல முடியாது.

"முப்பத்துநாலு வருஷம் பெரியம்மாவைக் காப்பாத்துறேன்னு நினைச்சுக்கிட்டு உன்னைக் காப்பாத்தியிருக்கேன். நீயானா என் பழத்தைத் தின்ன மாட்டேங்குற."

"தெரியுமா?"

"ரஹ்மோன் சொல்லுவாரு. அவர்தான் உன் பங்கையும் தின்னுவாராம்."

அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். கேட்க வந்ததைக் கேட்டாள். "இஸ்மத் அண்ணனுக்கு என்ன ஆச்சு?"

"எனக்கு ஒண்ணும் தெரியாது. இதையும் யாரும் நம்ப மாட்டாங்க. தெர்மேஸ் கூடாரத்துல பதினோரு நாள் ஒண்ணா இருந்தோம். பன்னிரண்டாம் நாள் காலையில பேர் வாசிச்சு, அவனை ஒரு லாரியில ஏத்தினாங்க, என்னை ஒரு லாரியில. அவ்வளவுதான். நான் பார்த்தது பதினோரு நாள்." தொப்பியைக் கழற்றிப் பக்கத்தில் வைத்து, "காமராவை வெளிய எடு. அந்தப் பதினோரு நாளைச் சொல்றேன்" என்றான்.

சொன்னான். ரயிலில் இஸ்மத்துக்குக் கொடுத்த பூட்ஸ் சின்னதாக இருந்ததைச் சொன்னான், மாற்றிக்கொடுத்த தாடிக்காரனைச் சொன்னான். கூடாரத்தில் படுத்தபடி இஸ்மத் முன்பல் சந்து வழியாகக் கெண்டி கொதிப்பதுபோல் விசில் அடிப்பானாம். தேநீர் போடுவது எவன்டா என்று சார்ஜன்ட் மூன்று நாள் கூடாரம் கூடாரமாகக் கெண்டியைத் தேடினாராம். ஒவ்வொரு நாளாக எண்ணி எண்ணிச் சொன்னான். ஒன்பதாம் நாளில் மட்டும் ஒன்றும் நடக்கவில்லை, அதையும் சொன்னான். பதினோராம் நாள் முடிந்ததும் நிறுத்திவிட்டான்.

திரும்பி வரும் வழியெல்லாம் சல்தனத் தன்னோடு வாதாடினாள். அம்மாவுக்குக் கண் தெரியாது, ஃபெருசாவுக்கு விஷயம் தெரியாது. ஹம்ரோ இனியும் சொல்ல மாட்டான். படத்தில் அந்தக் கூம்பு பெரிதாகத் தெரியும்போது கீழே இஸ்மத்தின் பெயரைப் போட்டுவிட்டால் யாருக்கு என்ன நஷ்டம்? அம்மா மிச்சமிருக்கிற பெருநாள்களுக்கும் முத்தமிட்டுவிட்டுப் போகட்டும். வீட்டு வாசலுக்கு வரும்வரை இதுதான் சரி என்று தோன்றியது. உள்ளே போனால் அதோலத் பையை மடியில் வைத்து, அவிழ்த்த இடத்தைத் தடவித் தடவித் திரும்பத் தைத்துக்கொண்டிருந்தாள். அந்தத் தையலைப் பார்த்ததும் அவளால் மறைக்க முடியவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னாள். தன் கையைப் பற்றியும் சொன்னாள்.

அதோலத் ஊசியைப் பையிலேயே குத்தி வைத்தாள். வெளியே பக்கத்துவீட்டுக் கோழி முட்டையிட்டதை ஊருக்கெல்லாம் அறிவித்து ஓய்ந்தது.

"அப்ப இது ஹம்ரோவோடது."

"ஆமாம்மா."

"அவன் தின்னல."

"இல்ல."

"அதான் பார்த்தேன். முப்பத்துநாலு வருஷமா முற்றத்துல வந்து நின்னுட்டு நின்னுட்டுப் போறான். அவன் இன்னும் வீடு வந்து சேரலடி." எழுந்தாள். "உன் புருஷனை வண்டியை எடுக்கச் சொல்லு."

கல்யாண விளக்குகள் கிடந்த வண்டியில், விளக்குக்கால்களுக்கு நடுவே உட்கார்ந்து, பையை மடியில் வைத்துக்கொண்டு அதோலத் மதகுக்குப் போனாள். ஹம்ரோ அவளைப் பார்த்ததும் ஓடிவந்து தாங்கிப் பிடித்தான். பேச வாயெடுத்தான்.

"பேசாத. தண்ணியைக் கொதிக்க வை."

அவனுடைய ஒற்றை அறையில் கம்பளத்தின்மேல் உட்கார்ந்தார்கள். பச்சைத் தேநீரைப் பெரிய கிண்ணத்தில் ஊற்றி, அதோலத் ரொட்டியை உடைக்கப் பார்த்தாள், முடியவில்லை. ரஹ்மோன் வண்டியிலிருந்து சுத்தியலைக் கொண்டுவந்தார். "ரொட்டியைச் சுத்தியலால உடைச்ச மருமகன் நான் ஒருத்தன்தான்" என்றார். யாரும் சிரிக்கவில்லை, அதோலத்தைத் தவிர. உடைந்த துண்டுகள் தேநீரில் ஊற நேரம் எடுத்தது. அதுவரை அவள் ஹம்ரோவைப் பதினோரு நாளையும் திரும்பச் சொல்ல வைத்தாள். விசில் வந்த இடத்தில் கையைத் தூக்கி நிறுத்தினாள்.

"ஆமா. விசில் அடிப்பான். எப்படி மறந்தேன்? கெண்டிதான்னு நான் ஓடுவேன், அடுப்புல ஒண்ணுமே இருக்காது."

பிறகு முதல் துண்டைத் தன் கையால் எடுத்து அவன் வாயில் வைத்தாள். அவன் மென்றான். ஒவ்வொரு துண்டாக, கடித்த இடத்துக் கூம்பு இருந்த துண்டு வரை, எல்லாவற்றையும் தின்றான். கிண்ணத்தின் அடியில் தங்கிய தூளையும் குடித்தான். சல்தனத் காமராவைப் பிடித்திருந்தாள். இந்தத் தடவை பின்பக்கமாக நடக்க இடமில்லை, சுவர்.

"ஒண்ணு கேக்கணும் உன்கிட்ட" என்றாள் அதோலத். "அன்னிக்கு விடியக்காலையில மாவு பிசையுறப்ப அழுதுக்கிட்டே பிசைஞ்சேன். உப்புப் போட்டேனா போடலையான்னு எனக்கு ஞாபகமே இல்ல. உப்பில்லாத ரொட்டியைக் குடுத்தா என் பிள்ளைய அனுப்பினேன்னு அத்தனை வருஷமும் ஒரு அரிப்பு. யாரைக் கேப்பேன்? இது ஊறிப்போச்சு, இதுல தெரியாது. அவன் ரொட்டியை நீதானே தின்ன. சொல்லு. உப்பு இருந்துச்சா?"

ஹம்ரோ அவள் கையைப் பிடித்துக்கொண்டான்.

"இருந்துச்சு பெரியம்மா. சரியா இருந்துச்சு."

அவள் தலையை ஆட்டினாள். இன்னொரு தடவையும் ஆட்டினாள்.

அன்று ஹம்ரோவும் வண்டியில் கூட வந்தான். முற்றத்தில் நிற்கவில்லை. நேரே உள்ளே வந்து கதவோரம் உட்கார்ந்தான். அதோலத் காலிப் பையை உதறி, மிளகாயை மட்டும் திரும்ப உள்ளே போட்டு, தடவித் தடவி ஜன்னலோரத்து ஆணியில் மாட்டினாள்.

"ரொட்டி இல்லாம பை எதுக்கும்மா?" என்றாள் சல்தனத்.

"அவன் வந்தா முதல்ல அங்கதான் பார்ப்பான். ரொட்டி எங்கன்னு கேப்பான். இவன் தின்னுட்டான்னு கையைக் காட்டணும்ல. வந்து ரெண்டு பேரும் அடிச்சுக்கட்டும், எனக்கென்ன."

ஹம்ரோ கதவோரத்திலிருந்து ஜன்னலைப் பார்த்தான். சல்தனத் அவன் கொண்டுவந்திருந்த முலாம்பழத்தை அறுத்து, முதல் துண்டைத் தானே எடுத்துக்கொண்டாள்.